டேப்பின் மறுமுனை

முதல் தடவை போனபோது தடைக்காலம்.
மண்டபம் வடக்குத் துறையில்
விசைப்படகுகள் கட்டிக் கிடந்தன.
ஐஸ் கம்பெனி ஷட்டரை
பர்னாந்து தானே தூக்கிவிட்டார்,
நாற்காலியைத் துடைத்துப் போட்டார்.
மோர் வந்தது. குடித்தேன்.

நான் கோர்ட் அனுப்பிய கமிஷனர்.
வக்கீலாகி நாலாவது வருஷம்.
பையில் வாரண்டு, நூறடி டேப்,
மீராசாவுக்கு அனுப்பி
‘கதவு பூட்டு’ என்று திரும்பிவந்த நோட்டீசு.
நகல் ஒன்றை அந்தப் பூட்டின் மேலேயே ஒட்டியிருந்தேன்.
மீராசா கொல்லத்தில் இருந்தார்,
யாருடைய ஆலையிலோ ஐஸ் பார் உடைத்துக்கொண்டு.
அது பர்னாந்துக்குத் தெரியும்.
நான் கேட்கவில்லை.

டேப்பின் ஒரு முனை என் கையில்,
மறுமுனை பர்னாந்தின் மகன் கையில்.
உப்புநீர்த் தொட்டி நாற்பத்திரண்டு அடி.
கம்ப்ரசர் இரண்டு, ஒன்று ஓடாது.
கேன் நூற்றெண்பது.
‘எம்.எஃப். ஐஸ்’ என்ற பெயர்ப்பலகை,
இரண்டு பேரின் முதலெழுத்து;
மதிப்பு இல்லை என்று போட்டேன்.
பன்னிரண்டு பக்க அறிக்கை.
எழுத்துப்பிழை ஒன்றுகூட இல்லை.

ஆறு மாதம் கழித்து
ராமநாதபுரம் சார்பு நீதிமன்றத்தில்
டவாலி மூன்று தரம் கூப்பிட
கடைசி வரிசையிலிருந்து ஒருவர் எழுந்தார்.
உப்பில் ஊறி வெளுத்த விரல் நுனிகள்.
“அளவு தப்புன்னு நான் சொல்லலங்கய்யா.
அளக்கும்போது நான் இல்ல.”
அவ்வளவுதான்.

எதிரே வக்கீல் முக்கால் மணி நேரம் பேசினார்.
இவர் இருந்திருந்தால் மட்டும்
தொட்டி நீண்டிருக்குமா, சுவர்தான் நகர்ந்திருக்குமா?
சிரிப்பு எழுந்தது.
நானும் சிரித்தேன், லேசாக.

நீதிபதி சிரிக்கவில்லை.
என் பன்னிரண்டு பக்கத்தையும் மூடி
ஓரமாகத் தள்ளி வைத்தார்.
“தொட்டி நீளாது, சரி.
நீளவில்லை என்பதை
அவரும் நின்று பார்த்திருக்க வேண்டும்.
இருவரையும் வைத்து மறுபடி அளங்கள்.
கமிஷனருக்கு இந்தத் தடவை கட்டணம் கிடையாது.”

இரண்டாம் தடவை வாடைக்காற்று.
மணல் பல்லில் கடிபட்டது.
மோர் வந்தது; வேண்டாம் என்றேன்.
மூன்றடி தள்ளி நின்றுகொண்டு
இருவரும் என் வழியாகவே பேசினார்கள்.
“அவர நகரச் சொல்லுங்க.”
“சாவி அவருகிட்டயான்னு கேளுங்க.”

டேப்பின் மறுமுனையை மீராசா பிடித்தார்.
குனிந்து, கட்டைவிரலால் அழுத்தி,
தொய்வில்லாமல்.

நாற்பத்திரண்டு அடி.
அதே நாற்பத்திரண்டு.
பெட்ரோல் என் காசு. எரிச்சல் வந்தது.

கேன்களை எண்ணி வருகையில் அவர் நின்றார்.
ஒன்பதாம் வரிசை, நாலாவது.
நகத்தால் சுண்டினார்; ஓசை வேறு மாதிரி.
“இது ஒழுகும்மா. அடியில பத்தவச்சது விட்டுப்போச்சு.
உப்புத்தண்ணி எறங்கி பார் கலங்கிரும்.
யார் பங்குக்குப் போனாலும்
தெரிஞ்சு போகட்டும். எழுதிக்கிடுங்க.”

பர்னாந்து தரையைப் பார்த்தபடி இருந்தார்.
பிறகு, என் வழியாக இல்லாமல்,
நேராக அவரிடம்:
“ஏழாவதும்.”

நூற்றெண்பதை அடித்து
நூற்றெழுபத்தெட்டு என்று எழுதினேன்.

கை குலுக்கல் ஏதும் இல்லை.
மாசியில் இறுதித் தீர்ப்பாணை வந்தது,
ஆலை ஏலத்துக்குப் போனது,
எதிர்பார்த்த தொகை இருவருக்குமே கிடைக்கவில்லை.
பெயர்ப்பலகையை யாரும் கேட்கவில்லை.
அப்பீலுக்கும் யாரும் போகவில்லை.

பழைய அறிக்கையை நேற்று எடுத்துப் பார்த்தேன்.
கடைசிப் பக்கத்தில்
மீராசா கையெழுத்திட வேண்டிய இடத்தில்
‘வரவில்லை’ என்று இருக்கிறது,
என் கையெழுத்தில், அழகாக.

டேப்பை அன்று துடைக்க மறந்துவிட்டேன்.
நாற்பத்திரண்டாம் அடிக்கு அருகே
உப்பு பூத்திருக்கிறது.