ஐந்தைந்தாக

ஐந்தைந்தாகத்தான் எண்ணுவோம்.
பச்சைத் தட்டு, மழுங்கிய கத்தி,
ஐந்து தள்ளு, ஐந்து தள்ளு.
அழுத்தித் திருகினால்தான் திறக்கும் மூடி;
குழந்தைகள் பத்திரமாம்.

மேற்கு வர்ஜீனியாவில்
இரண்டு மலைகள் இடுக்கிப் பிடித்த ஊர்.
சுரங்க ஆண்களின் முதுகு
நாற்பதிலேயே கிழடு தட்டிவிடும்.
ஓர்வில் ஸ்டில்ட்னர் மேல் கூரைப்பாறை இறங்கிய வருஷம்
கம்பெனியிலிருந்து கெண்டல் வந்தான்.
நல்ல பையன். என் நாயின் பெயரை மறக்கமாட்டான்.
டாக்டருக்கு மீன்பிடித் தொப்பி, நர்சுகளுக்குப் பீட்சா,
எனக்கு மருந்தின் பெயர் போட்ட சுவர்க்கடிகாரம்.
"அடிமையாவது நூற்றில் ஒருவர்கூட இல்லை" என்றான்.
யார் எண்ணினார்கள் என்று நான் கேட்கவில்லை.
எண்ணியே பிழைப்பவள், கேட்கவில்லை.

டாக்டரின் சுவரில் ஆறு முகங்கள் வந்தன
சிரிப்பிலிருந்து அழுகை வரை.
அதுவரை எங்கள் ஊரில் வலிக்கு எண் கிடையாது.
"கொஞ்சம் பிடிச்சிருக்கு" என்பார்கள்,
உயிர் போனாலும் அவ்வளவுதான்.
ஓர்வில் "எட்டு" என்றான்.
அடுத்த மாதமும் எட்டு,
மாத்திரைதான் இரட்டித்தது.

முதல் மாதம் அவன் தூங்கினான்.
குனிந்து பூட்ஸ் கயிற்றைத் தானே கட்டினான்.
அதையும் சொல்லத்தான் வேண்டும்.

நிலவறையில், எனக்கு முன் கடை வைத்திருந்தவர்களுக்கும் முன்னால் இருந்தவர்
விட்டுப்போன பெட்டியில் ஒரு நீலப் புட்டி:
பல் முளைக்கும் பிள்ளைக்கான பாகு.
லேபிளில் தூங்கும் குழந்தை, குனிந்து பார்க்கும் தாய்.
உள்ளே அபின் என்று எங்கும் எழுதவில்லை.
அவளிடமும் யாரோ ஒரு நல்ல பையன்
பேசியிருப்பான்.

கோர்ட்டில் கேட்டார்கள்:
மூவாயிரம் பேர் ஊருக்கு வருஷத்தில் எத்தனை?
பதினோரு லட்சம், என்றேன்.
ஓர்வில் அதற்குள் மலையடிவாரத்தில்,
மனைவியின் பக்கத்தில்.
கம்பெனி பணம் கட்டியது,
தப்பு செய்தோம் என்று சொல்லாமல்.

கடிகாரத்தை நான் கழற்றவில்லை.
நேரம் சரியாகத்தான் காட்டுகிறது,
அதுதான் சங்கடம்.

நேற்று அவன் மகள் ரெட்டா வந்தாள்,
கடைவாய்ப் பல் பிடுங்கிய வீக்கத்தோடு,
கையில் சீட்டு.
ஐந்தே ஐந்து மாத்திரை.
ஒரே தள்ளு.
"ரொம்ப வலிக்குதா?" என்றேன்.
கன்னத்தைப் பொத்திக்கொண்டு
கடிகாரத்தைப் பார்த்தபடி சொன்னாள்,
"கொஞ்சம் பிடிச்சிருக்கு."
கத்தி தட்டின் மேலேயே நின்றது.
பின்னால் வரிசை இருமியது.