உதாரண வாக்கியங்கள்

கோட்டைக் கந்தோரில் இருந்து எழுதியிருக்கிறான்,
நூற்றுப் பதினாலு தாள்,
தமிழை ஒல்லாந்தருக்குப் பிரித்துக் காட்டும் இலக்கணம்.
மூலம் கடல் தாண்டி ஏதோ குளிர்ந்த அறையில்.
என்னிடம் இருப்பது படப்பிரதி,
திருநெல்வேலியில், துறை அறையில்,
மின்விசிறிக்குப் பறக்காமல் மேலே ஒரு சைக்கிள் பூட்டு.

பெயர் கொர்னேலிஸ். கையெழுத்து நல்ல ஒழுங்கு.
ழகரம் வரும் இடமெல்லாம் மை தடித்திருக்கிறது,
அங்கே நின்று மூச்சு வாங்கியிருப்பான்.

வேற்றுமை எட்டையும் வரிசையில் வைத்தான்.
வினைக்கு மூன்று காலம் கொடுத்தான்.
சொல்லிக் கொடுத்தவனுக்குப் பெயர் கொடுக்கவில்லை.
முன்னுரையில் ஒருக்கால் 'மலபார்க்காரன் ஒருவன்',
பிறகு அதுவும் இல்லை.

ஆனால் உதாரணம் கேட்டால் மனிதன் என்ன சொல்வான்?
வாயில் கிடப்பதைத்தான் சொல்வான்.

இறந்தகாலம்: நேற்றும் சாயவேர் கிண்டினேன்.
எதிர்மறை: தம்பி ஊழியத்தாலை வரேல்லை.
எண்ணுப்பெயர்: ஏழு கொத்தெண்டு எழுதினது, ஆறுதான் கிடந்தது.
நான்காம் வேற்றுமை: தம்பிக்குக் காய்ச்சல் எண்டவை.
இரண்டாம் வேற்றுமை: தம்பியைக் கண்டனியளோ?

இருபத்தாறாம் தாளுக்குப் பிறகு
தம்பி எழுவாயாக வருவதே இல்லை.
பென்சில் எடுத்து எண்ணினேன்.
செயப்படுபொருளாக ஒன்பது தரம்,
குவ்வுருபோடு நாலு,
விளியாக ஒன்று. அதன் பக்கத்தில் கொர்னேலிஸ்:
'ஈற்றுயிர் நீளும். மிக நீட்டிச் சொன்னான்.'

ஏவல் அதிகாரம் மட்டும் அவனுடைய சொந்தச் சரக்கு.
வா. போ. தூக்கு. இஞ்சை வை. அங்கை வை.
யாரையும் கேட்கத் தேவைப்படவில்லை.

சுட்டில்தான் சறுக்குகிறான்.
இ கிட்ட, அ தூர, அதுவரை சரி.
உ?
'கிட்டவும் இல்லை, தூரவும் இல்லை.
எதைச் சுட்டும் என்று கேட்டேன்.
மேசைக்கு மேலால் என் பக்கம் கை நீட்டினான்.
திரும்பிப் பார்த்தேன். யன்னல். வெறும் கடல்.'
அதன் கீழே, ஒரு எழுத்துப் பிழையும் இல்லாமல்:
உவனுக்கு என்ன தெரியும்?
எதிரே ஒல்லாந்த மொழியில் பொருள்:
இந்தக் கனவான் யாவும் அறிவார்.

சத்தமாகச் சிரித்துவிட்டேன்.
அடுத்த மேசையில் ஆனந்தரூபி நிமிர்ந்து
"உதென்ன உது?" என்றாள்.

மதுரையில் என்னோடு படித்தவர்கள்
உகரச் சுட்டு வழக்கொழிந்தது என்று எழுதி
இரண்டு புள்ளி எடுத்தார்கள். நானும் எழுதினேன்.
எழுதிவிட்டு விடுதிக்கு வந்து
குளியலறை வாசலில் நின்று
உந்த வாளியை ஒருக்கா எடுங்கோ என்றேன்.
எந்த வாளி என்று மூன்று பேர் தேடினார்கள்.

பதிப்புக்கு இனி அடிக்குறிப்பு வேண்டும்.
பொருள் பிழை என்று போடுவது என் தொழில்.
போட்டால், முந்நூறு வருடம் பிடிபடாமல் கிடந்த பகிடியைப்
பகிடி விட்டவனோடு சேர்த்துப் பிடித்துக் கொடுத்தது
நான் என்றாகும்.
கந்தோர் இல்லை, கசையடி இல்லை,
கோட்டைக்குள் பிள்ளைகள் படம் எடுக்கிறார்கள்,
இருந்தாலும் கை தயங்குகிறது.
இரண்டு நாள் தயங்கி, கடைசியில் இப்படி எழுதினேன்:
'கொர்னேலிஸ் திரும்பிப் பார்த்திருக்கத் தேவையில்லை.'

மிச்சம் ஒரு கட்டம்தான்.
தகவலாளர் பெயர்.
'தெரியாது' என்று அடித்து அழித்தேன்.
பிறகு 'உவர்' என்று போட்டேன்,
ஒரு ரகரத்து மரியாதையாவது போகட்டும் என்று.

தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்த ஆனந்தரூபி,
நாவாந்துறையில் வீடு, வாரத்துக்கு இரண்டு பவுசர் தண்ணீர் வாங்குகிறவள்,
"ஆற்றை கிணறு?" என்று கேட்டாள்.