பொபினியில் ஒரு சொல்

நீதவான்கள் நால்வர்.
கழுத்தில் நாடா, நாடாவில் பதக்கம்.
இருவர் முதலாளிமார் பக்கம், இருவர் தொழிலாளர் பக்கம்.
அபூர்வமாய் இன்று
நால்வரும் ஒரே சொல்லில் ஒத்துப்போனார்கள்.
அந்தச் சொல்லுக்குத் தமிழ் தேடத்தான் எனக்குக் கூலி.

தவமலர் அக்கா என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.
பள்ளிக்கூடக் குசினியில் பதினொரு வருஷம்.
முதல் ஆறு ஒரு கம்பனியின் கீழ்;
பிறகு நகரசபை குசினியைத் தன்னோடு எடுத்துக்கொண்டது.
அதே அடுப்பு, அதே அகப்பை,
வெள்ளிக்கிழமை அதே மீன்,
தட்டை நீட்டும் முந்நூற்றுப் பத்துப் பிள்ளைகள்.
சம்பளத் துண்டின் மேல்மூலையில்
முத்திரை மட்டும் வேறு.

நியாயாதிக்கம் என்று கொழும்பில் படித்தேன்.
இவர்களுக்கு நியாயாதிக்கம் இல்லை என்றால்
நியாயம் இல்லை என்றுதான் அக்காவின் காதில் விழும்.
அதிகார வரம்பு என்றால்
யார் வரம்பு, யார் வெட்டினது என்று கேட்பார்.
பிரெஞ்சில் சொன்னதை அப்படியே சொல்வதாய்ச் சத்தியம் செய்தவன் நான்.
அப்படியே சொன்னேன்:
"இந்த மன்று தன்னைத் தகுதியற்றது என அறிவிக்கிறது."

அக்கா சிரித்துவிட்டார்.
எழுதுநர் நிமிர்ந்தார்.
கைப்பைக்குள்ளிருந்து நாலாய் மடித்த கடிதம் வந்தது,
நகரசபை வேலையால் நிறுத்திய கடிதம்.
தை மாதம் அதை வாசித்துச் சொன்னதும் நான்தான்.
மூன்றாம் வரியில் அதே சொல்.

"தம்பி, இந்தச் சொல்லுக்கு என்ர வேலை போனது.
இவையளுக்கு என்ன போகும்?"

மொழிபெயர்க்க வாயெடுத்தேன்.
தலைவி அடுத்த கோப்பைத் திறந்திருந்தார்.

நடைக்கூடத்தில் கோப்பி இயந்திரத்தோடு சாய்ந்து விளக்கினேன்.
கம்பனி நிறுத்தியிருந்தால் இந்த வாசல்.
நகரசபை நிறுத்தினதால் மொந்ரோயில் நிர்வாக நீதிமன்றம்.
ட்ராம், பிறகு ஒரு பஸ்.
தாள் கைக்கு வந்த நாளிலிருந்து இரண்டு மாதம் தவணை.
"அங்க நீ வருவியோ?"
அங்கே பேச்சுக் குறைவு அக்கா, எல்லாம் எழுத்து.
"எழுத்து நல்லம். சிரிச்சால் கேக்காது."

கடிதத்தின் முதுகில் விலாசம் எழுதினார்.
ஒவ்வொரு எழுத்தாய் நான் சொல்ல,
தெரு இலக்கத்தை மட்டும் இரண்டு முறை கேட்டு.
சட்டியில் இருந்தால்தானே அகப்பையில் வரும் என்றார்,
எந்தச் சட்டியைச் சொன்னார் என்று நான் கேட்கவில்லை.

அவர் ட்ராமுக்குப் போனபின்
என் கூலிப் படிவத்தை எடுத்தேன்.
மொழி: தமிழ். நேரம்: பதினேழு நிமிடம்.
அமர்த்தியவர் என்ற கட்டத்தில்
பேனா நின்றது.
மாசி மாதக் கூலியே இன்னும் வரவில்லை.
வழக்கென்று போனால்
நான் யாருடைய ஆள், எந்த வாசல்?

பதக்கம் போட்ட நால்வரைக் கேட்கலாம் என்று திரும்பினேன்.
சாப்பாட்டு நேரம்.
கதவு சாத்தியிருந்தது.