ஐகாரக் குறுக்கம்

எங்கள் அச்சுக்கூடத்தில் ‘ஐ’ மொத்தம் பதினொன்று.
பன்னிரண்டாவதை எலி இழுத்துப் போனதாக
முதலாளி கணக்கில் எழுதியிருக்கிறார்.
ஈயம் தின்னும் எலி மேலமாசி வீதியில் மட்டும்தான் உண்டு.

வக்கீல் ஆராவமுது கொண்டுவந்த பிரதியில்
வரிக்கு வரி ஐர்லாந்து,
வரிக்கு வரி ஐக்கியம்.
மூன்றாம் பக்கத்தில் கை நின்றது.
“ஐக்கியமே எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டது சாமி,
தேசத்துக்கு எழுத்து மிச்சமில்லை.”
சிரித்தார். சிரித்து முடித்துக்
கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.
“அதைத்தானப்பா நாற்பது பக்கம் எழுதியிருக்கிறேன்.”
அன்று முதல் அது அயர்லாந்து.

நான் சவரிராயன், கம்போசிட்டர்.
தலைகீழாய்த்தான் எனக்கு எதுவும் விளங்கும்.
அப்படித்தான் இதுவும் விளங்கியது:
கடலுக்கு அப்பால் ஒரு சபை
தன் கதவைத் தானே பூட்டிக்கொள்ளக் கை தூக்கியது.
தூக்கிய கைகளில் சிலவற்றில் பட்டம், சிலவற்றில் பணம்.
பூட்டு விழுந்தது ஆயிரத்து எண்ணூற்றொன்று, மார்கழியில்.
அதே வருஷம் ஆடியில்
இங்கே நவாபின் பேனா
மதுரையையும் சேர்த்து எழுதிக் கொடுத்தது.
தேதியை இரண்டு முறை சரிபார்த்தேன்.
எழுத்துப் பிழை இல்லை.

ஹோம் ரூல் என்று வக்கீல் சொல்லும்போதெல்லாம்
என் கை பித்தளைப் பெட்டிக்குப் போகும்.
எங்களுக்கு ரூல் என்றால்
பத்திக்கும் பத்திக்கும் நடுவே நிற்கும் கோடு.

சட்டம் நிறைவேறியதாம்,
ராஜா கையெழுத்தும் ஆனதாம்,
யுத்தம் முடியட்டும் என்று கட்டி வைத்தார்களாம்.
எங்கள் ஃபாரமும் அப்படியே.
ஜாமீன் கட்டச் சொல்லி நோட்டீஸ் வந்த அன்று
சணல் சுற்றி அலமாரிக்கடியில் தள்ளினோம்.
ஐந்து வருஷம்.
(ஐந்து என்று கோக்கவும் எழுத்தில்லை.)
கோயில் கொடைக்கு நோட்டீஸ் அடிக்க வந்த செக்கானூரணிக்காரர்
‘அய்யனார்’ என்று பார்த்ததும்
சாமிக்குக் குறைவு என்று காலணா குறைத்தார்.

எங்களுக்கு வந்த நோட்டீஸில் ஒப்பம் திரிசூலம் துரையுடையது.
ஓ’டிரிஸ்கல், ஊர் வாயில் அப்படி ஆனவர்.
உதவிக் கலெக்டர். பிறந்தது அந்தத் தேசத்தில்தான்.
பறிமுதல் செய்த புரூஃபை அவர்
பைலில் வைக்கவில்லை,
மடித்துச் சட்டைப்பையில் வைத்தார்.

இருபதாம் வருஷக் கடைசியில் அவர் ஊர் எரிந்தது.
எரித்தவர்கள், அவருக்குச் சம்பளம் தரும்
அதே கிரீடத்தின் ஆட்கள்.
மில் சங்கு ஊதி ஓய்ந்த ஒரு சாயங்காலம் தனியாக வந்து
புரூஃபை என் மேஜையில் விரித்தார்.
மடிப்புகளில் கிழிந்திருந்தது.
பென்சிலில் ஒரே குறி, ‘கார்க்’கின் கீழே.
“எங்கள் வீட்டில் அப்படிச் சொல்வதில்லை.”
வீட்டில் சொல்வதைச் சொல்லிக் காட்டினார்.
மறுபடியும், மெதுவாக.
என் காதில் கொற்கை என்று விழுந்தது.
கடல் கைவிட்டுப் போன நம் கொற்கை.

அடுத்த மார்கழியில் உடன்படிக்கை.
வக்கீல் வந்தார்,
கல்யாணத்துக்கா இழவுக்கா என்று தெரியாத முகத்தோடு.
கடைசிப் பக்கத்துக்குப் படம் வேண்டும். பிளாக் இல்லை.
ஊர்ப்பெயர்களை அடுக்கி நடுவே ரூல் வைத்தேன்.
மேலே ஆறு ஜில்லா, கீழே இருபத்தாறு.
மெஷின் வேலாண்டி கேட்டார்:
“ஒற்றையா, இரட்டையா?”
வக்கீல் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.
இருந்ததிலேயே மெல்லிசான கோட்டைத் தேடி எடுத்தேன்.
அப்படியும் காகிதம் கிழிந்தது.

பிழைதிருத்தத்தில் பதினேழு பிழைகள்.
பதினெட்டாவதை வக்கீல் தனிச் சீட்டில் எழுதித் தந்தார்:
‘கொற்கை’ என்பதைக் ‘கார்க்’ என வாசிக்கவும்.
சீட்டு தொலைந்துவிட்டது.
எலி என்று கணக்கில் எழுதியிருக்கிறேன்.