ஆக

களுதாவளையில் ஒரு கிணற்றுக்கு
இரண்டு அறிக்கைகள் போயிருந்தன.
ஒன்றில் பதினொன்று.
மற்றதில் நாற்பத்தெட்டுத் தசம் ஏழு.
இரண்டிலும் ஒரே அலகு,
லீற்றருக்கு மில்லிகிராம்.

பதினொன்று என்னுடையது.
மட்டக்களப்பு ஆய்வுகூடத்தில்
மின்விசிறி ஓடாத ஒரு செவ்வாய்ப் பின்னேரம்
வியர்வை சொட்டாமல் தாளைத் தள்ளிப் பிடித்துக்கொண்டு
கையெழுத்து வைத்தது.
நாற்பத்தெட்டு, கொழும்பில் ஒரு தனியார் கூடம்.

பத்து நாளில் ஒழுங்கை இரண்டாய்ப் பிரிந்தது.
மிளகாய்த் தோட்டத்துத் தவேந்திரன் பதினொன்றின் பக்கம்.
"யூரியாவில ஒரு பிழையும் இல்லகா,
அரசாங்கமே எழுதித் தந்திருக்கு."
கைக்குழந்தை உள்ள வீடுகள் நாற்பத்தெட்டின் பக்கம்.
காசு வாங்கிக் குறைத்து எழுதினாளாம் என்று
என்னைப் பற்றியும் ஒரு கதை.
நஸ்மியாதான் காத்தான்குடி பஸ்ஸில் கேட்டுவந்து சொன்னாள்,
சிரிப்பதா வேண்டாமா என்று தெரியாத முகத்தோடு.

பதிவேட்டைத் திரும்ப எடுத்தேன்.
எண்ணில் பிழை இல்லை.

நைத்திரேற்று என்றால்
ஒரு நைதரசன், மூன்று ஒட்சிசன்.
நைதரசனை மட்டும் தராசில் வைத்தால் பதினான்கு.
கூட வந்த மூவரையும் ஏற்றினால் அறுபத்திரண்டு.
நான் வந்தவனை மட்டும் நிறுத்தேன்.
அவர்கள் அவனோடு வந்த பயணப்பெட்டிகளையும் சேர்த்து.
கிணறு ஒன்று. வாளி ஒன்று.
நான் எழுதியிருக்க வேண்டியது:
நைதரசனாக, பதினொன்று.

படிவத்தில் அந்தக் கட்டம்
கட்டைவிரல் நகத்தளவு.
'நைதரசனாக' அதற்குள் அடங்கவில்லை.
விட்டுவிட்டேன்.

செறிவு என்றால் எவ்வளவு என்பதல்ல,
எவ்வளவில் எவ்வளவு என்று
பதினோராம் வகுப்பில் மனனம் செய்தவள்தான்.
எதுவாக என்று மூன்றாவது கேள்வி இருப்பது
பரீட்சைத்தாளில் வரவில்லை.
வந்ததோ,
அதையும் விட்டுவிட்டேனோ.

கல்முனை பஸ்ஸில் போய் இறங்கினேன்.
நிலோஜினி வீட்டு வாசலில்
குழந்தைத் துணிகள் காய்ந்துகொண்டிருந்தன.
அறிக்கையை வாங்கி
ஓரத்தில் பேனையால் எழுதினேன்: நைதரசனாக.
அவள் அந்தச் சொல்லை இரண்டு தரம் வாசித்தாள்.
"மறுகா என்ன? குடுக்கலாமா, குடுக்கேலாதா?"

எல்லை ஐம்பது.
இருப்பது நாற்பத்தெட்டுத் தசம் ஏழு.
மயிரிழை என்று சொல்ல வாய் எடுத்தேன்.
அதற்குள் அவள்,
"நான் சும்மா குடுக்கிறல்ல.
பதினைஞ்சு நிமிசம் கொதிக்க விட்டு
ஆறவைச்சுத்தான் பால்மா கரைக்கிற."

கேத்திலைக் கொண்டுவந்து காட்டினாள்.
உள்ளே, நிரப்பிய கோட்டுக்கு
ஒரு விரல் கீழே தண்ணீர்.

கிருமி சாகும்.
நீர் ஆவியாகி முற்றத்து முருங்கைக்கு மேலே போகும்.
நைத்திரேற்று எங்கும் போகாது,
கேத்திலிலேயே இருக்கும்.
பத்தில் ஒரு பங்கு வற்றினால்
நாற்பத்தெட்டுத் தசம் ஏழு
ஐம்பத்துநான்கு.
எவ்வளவு கவனமாய்க் கொதிக்க வைத்தாளோ
அவ்வளவு செறிவு.

அதை எந்தச் சொல்லால் சொன்னேன் என்று
இப்போது நினைவில்லை.
பிள்ளைக்குக் கிணற்றுத் தண்ணீர் வேண்டாம்,
குழாய்த் தண்ணீர் எடுங்கள் என்றேன்.
கொதிக்க வைப்பதில் குற்றமில்லை என்றேன்,
அது வேறு எதிரிக்கு என்றேன்.
அவள் கேத்திலின் மூடியைத் திறந்து
மூடி, திரும்பத் திறந்து,
"அப்ப இவ்வளவு நாளும்?" என்றாள்.

தொட்டிலில் குழந்தை
இளஞ்சிவப்பு உதட்டோடு தூங்கியது.
உதட்டை நான் பார்த்ததை
அவளும் பார்த்தாள்.

திரும்பும் வழியில்
தவேந்திரன் வேலிக்கு அப்பால் நின்று கூப்பிட்டார்.
"மிஸ், பதினொண்டு சரிதானே?"
"சரி" என்றேன்.
"நைதரசனாக."
முதற்சொல்லோடு அவர் திரும்பிவிட்டார்.
மோட்டர் இயங்கும் சத்தம் கேட்டது.