பவளக்காவின் பசு

ஆவணி லீவு.
விசுவமடுவில் ஒரே அச்சில் வார்த்த திட்ட வீடுகள்,
இலக்கம் இல்லாட்டி எல்லாம் ஒன்று.
டிலக்சனின் அப்பா பள்ளிக்கூடத்துக்கு அடித்த நீலம்
வாளியின் அடியில் மிச்சம் கிடந்தது.

இரவோடு இரவாகப்
பதினேழை எழுபத்தொன்று ஆக்கினோம்,
எழுபத்தொன்றைப் பதினேழு.

விடிய, பவளக்காவின் லீசிங் கடிதம்
குணசீலன் மாமாவிடம் போனது.
"என்னட்டைச் சைக்கிளே இல்லை,
எந்த மோட்டசைக்கிளுக்கடா காசு?"
தபால்காரர் தொப்பியைக் கழற்றிச் சொறிந்தார்.
நாங்கள் பாலைமரத்தில்,
சிரிப்பு வெளியே வராமல்
வாய் நிறையப் பழம்.

பவளக்காவின் வெள்ளைப் பசு
இரவே ஈரச் சுவரில் உரசியிருக்கிறது.
விலாவில் திரும்பிப்போன நீல ஏழோடு
ஒழுங்கை முழுக்க நடந்து
டிலக்சன் வீட்டுப் படலையடியில் நின்று கத்தியது.

மண்ணெண்ணெயும் பழந்துணியும் தந்தார்கள்.
பின்னேரம்வரை தேய்த்தோம்.
பசு அசைபோட்டது.
ஏழு போகவில்லை.