கட் சொல்ல ஆளில்லை

மீனாட்சிபுரம் ஸ்டேஷனில்
ஜெனரேட்டர் வேன் என்னுடையது.
பெயர்ப்பலகையில் மூன்று மொழி;
எத்தியேனுக்கு மூன்றும் படம்தான்.

பாரீஸில் பதினெட்டு வருஷம் நடித்தவராம்.
வெயிட்டர், டிரைவர், இரண்டு பாதிரியார்,
பதினொரு பிணம்.
"கண்ணை மூடியபடியே கேமராவைப் படித்தேன்" என்றதை
ரசியா மலையாளத்தில் சொல்ல
நான் தமிழில் சிரித்தேன்.
பிறகு சினிமா இரண்டு, ஓடவில்லை.
டிவியில் துப்பறியும் தொடர், ஆறு வருஷம்;
வாரம் ஒருவரைச் சாகச் சொன்னார்.

அன்றைக்குச் சாக வேண்டிய வேலந்தாவளத்து ஆள்
பஸ்ஸைத் தவறவிட்டான்.
தொப்பியைக் கழற்றி என் வண்டிமேல் வைத்துவிட்டு
பிளாட்பாரத்தில் அவரே படுத்தார்.

மூச்சு இருப்பதாகவே தெரியவில்லை.
ஆடு ஒன்று வந்து
காலரை மெல்லத் தொடங்கியது.
கேமரா ஓடுகிறது.
கட் சொல்ல வேண்டியவர்தான்
கீழே கிடக்கிறாரே.

எவ்வளவு நேரமோ. எனக்கு டீசல் கவலை.
கடைசியில் எஞ்சின் இருமிவிட்டு நின்றது.
வெளிச்சம் போய்
பாலக்காட்டுக் காற்று மட்டும்.

இருட்டில் பிணம் எழுந்து
முழங்கை மண்ணைத் தட்டியபடி
யாரிடமென்றில்லாமல் கேட்டது,
தெரிந்த ஆறு தமிழ்ச் சொல்லில் மூன்றைச் செலவழித்து:
"நான் நல்லா செத்தேனா?"

டார்ச் அடித்தேன்.
காலரில் பாதி இல்லை.